கிணற்றுக்குள் கரடி

அப்பாவின் சட்டைக்கு மகள் கடைசிப் பொத்தானைப் போட்டுக்கொண்டிருந்தபோது தயாரிப்பாளர் உள்ளே வந்தார். உடலருகே கைகட்டி நின்றார். பிறகு அம்மாவிடம் தயங்கித் தயங்கி ஆரம்பித்தார்.

"இந்த நேரத்துல கேக்கக் கூடாதும்மா. மத்தியானம் படப்பிடிப்பு. கதை, கரடி கிணத்துல விழுந்ததோட நிக்குது. கடைசிப் பக்கம் வரல."

"சாவு வீட்லயும் கரடியா!" என்று அத்தை முணுமுணுத்தாள்.

"வரலைன்னா இனிமே வேற ஆளை எழுத வெச்சுக்கறோம்னு சேனல்ல சொல்றாங்க. கயிறு போட்டுத் தூக்கிடலாமாம்."

வருஷக்கணக்காகக் குழந்தைகளுக்கு அப்பா எழுதிய பொம்மைத் தொடர் அது. பக்கவாதம் வந்து பேச்சும் வலது கையும் போன பிறகு எழுதியது மகள்தான்; அது வெளியே யாருக்கும் தெரியாது. பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவள். ஒவ்வொரு வரியையும் படித்துக் காட்டுவாள். பொய்யான வரி வந்தால் அவர் இடது கையால் கட்டிலைத் தட்டுவார். நேற்று கயிறு என்றதும் தட்டினார். மாற்றிப் படித்தாள், அதற்கும் தட்டினார். விடிவதற்குள் போய்விட்டார்.

அம்மா அவள் மணிக்கட்டைப் பிடித்தாள். "எழுதி வெச்சிருக்கார் சார். இவ எடுத்துட்டு வருவா." பிறகு காதோரம், "வாயைத் திறந்து அவர் மானத்தை வாங்கிடாதடி."

மகள் உள்ளறைக் கதவைச் சாத்திக்கொண்டு அப்பாவின் மைப்பேனாவைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை. கூடத்தில் அம்மாவின் குரல் கணீரென்று கேட்டது.

"நேத்துகூட எழுதினார். கை கொஞ்சமும் நடுங்கல."

"ஆமாமா, நானே பாத்தேனே" என்றாள் அத்தை. அவள் வந்து இறங்கியதே இன்று காலையில்தான்.

பேனா ஓடத் தொடங்கியது.

அவள் கொண்டுவந்து நீட்டிய பக்கத்தைத் தயாரிப்பாளர் நின்றபடியே படித்தார். கிணற்றுக்குள்ளிருந்து கரடி கத்துகிறது: "நான் ஒண்ணும் விழல! குளிக்கத்தான் இறங்கினேன். துண்டு மட்டும் போடுங்க!" மேலே அணிலும் ஆமையும் ஒன்றையொன்று பார்த்துக்கொள்கின்றன. கேள்வி எதுவும் கேட்கவில்லை. இருக்கிற துண்டையெல்லாம் முடிச்சுப் போட்டு இறக்குகின்றன.

அவர் சிரித்துவிட்டார். கூடமே திரும்பிப் பார்த்தது. சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டவர், கையை எடுத்துக் கட்டைவிரலைப் பார்த்தார். காயாத மை ஒட்டியிருந்தது.

மகளை ஏறிட்டார். "அடுத்த வாரத்துக்கு யார்கிட்டம்மா கேக்கணும்?"

மணிக்கட்டில் அம்மாவின் விரல்கள் மறுபடி இறுகின.

"என்கிட்ட" என்றாள் மகள்.

தயாரிப்பாளர் அம்மா பக்கம் திரும்பி, எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்: "சார் எழுதின கடைசிப் பக்கம். பத்திரமா வெச்சுக்கறேன்மா."

தாளை மடிக்காமல், தட்டை ஏந்துவதுபோல் இரண்டு கைகளிலும் ஏந்திக்கொண்டு படியிறங்கினார்.