ரஸ்மூசன் தன் மகனை உட்காரவைத்த வருடம்

நான் எங்கள் கல்லூரியின் அமெரிக்கக் கால்பந்து அணியில் சென்டர். வரிசையின் நடுவில் குனிந்து நின்று, பந்தைக் கால்களுக்கு இடையே பின்னால் குவார்ட்டர்பேக்கின் கையில் கொடுப்பவன். கொடுத்த மறுகணமே எதிரே நிற்கிற மலைபோன்ற ஆளை மறிக்க வேண்டும். பந்தை வாங்கியவன் அதை எறிவான், அல்லது ஓடுகிறவன் கையில் திணிப்பான். அந்த வருடமும் என் பின்னால் நின்றவன் எமெட். எங்கள் கோச் லைல் ரஸ்மூசனின் ஒரே மகன்.

நெப்ராஸ்காவில் சோளக்கொல்லைகளுக்கு நடுவே இருந்த கல்லூரி அது. பெரிய கல்லூரிகள் வேண்டாமென்று விட்டவர்கள்தான் எங்களிடம் வருவார்கள். எண்ணிக்கையில் எதிரணியில் பாதிதான் இருப்போம், மாற்றி இறக்க ஆள் இருக்காது.

முதல் நான்கு ஆட்டங்களிலும் தோற்றோம். எமெட்டுக்கு எல்லாத் திட்டமும் மனப்பாடம். ஆனால் யாராவது தன் மேல் பாய்ந்து வருவது தெரிந்தால் பந்தை அவசரமாக எங்காவது விட்டெறிந்துவிடுவான். ஒவ்வொரு ஆட்டத்துக்கு முன்னும் கழிப்பறையில் வாந்தி எடுப்பான். அது எனக்கு மட்டும்தான் தெரியும், ஏனென்றால் கதவை மறித்து நிற்பவன் நான்.

"யார்கிட்டயும் சொல்லிடாதடா."

"நான் எதுக்குடா சொல்றேன். வாயைக் கழுவிட்டு வா, நாறுது."

திங்கட்கிழமை பயிற்சியில் கோச் எல்லோரையும் நிற்கவைத்து, "இந்த வாரம் கேலன் ஆடுவான்" என்றார். கேலன் டெக்சஸிலிருந்து வந்திருந்த முதல் வருடப் பையன். எமெட் "சரி கோச்" என்றான். மைதானத்தில் அவன் அவரை அப்பா என்று கூப்பிட்டதே இல்லை. நொறுங்கிப்போயிருப்பான் என்று நினைத்தேன். அன்று மத்தியானம் உணவுக்கூடத்தில் மூன்று தட்டு சாப்பிட்டான்.

நொறுங்கியவள் அவன் அம்மா ஜோலீன். ஆட்ட நாட்களில் மாட்டிறைச்சிக் காரக்குழம்பும் இலவங்கப்பட்டை ரொட்டிச் சுருளும் விற்பது அவள்தான். அந்தச் சனிக்கிழமை கோச் கிண்ணத்தை நீட்டியபோது, "உங்களுக்குத் தீந்துபோச்சு" என்றாள். அண்டா பாதி நிறைந்திருந்தது. கோச் வெறும் ரொட்டியைத் தின்றுகொண்டே போனார்.

கேலன் வாய் ஓயாதவன். "அண்ணே, பந்தைக் கொஞ்சம் பாத்துக் குடுங்க, அம்மாவுக்கு நான் ஒரே புள்ள" என்பான் எதிரிகளுக்கும் கேட்கும்படி. ஆனால் பயம் என்பதே இல்லை. அவனை வைத்து மூன்று ஆட்டங்கள் ஜெயித்தோம், சில தோற்றோம். கடைசி ஆட்டம் பக்கத்து ஊர்க் கல்லூரியோடு, அவர்கள் மைதானத்தில். எங்கள் ஊர்க்காரர்களுக்கு அந்த ஒன்றில் ஜெயித்தால் போதும், மற்றதெல்லாம் மறந்துபோகும்.

பாதி ஆட்டம் முடிந்து சற்று நேரத்தில் இரண்டு பேர் கேலன் மேல் விழுந்தார்கள். காறை எலும்பு முறிந்துவிட்டது. அவனை அழைத்துப்போனபோதுதான் முதல்முறையாக அவன் பேசாமல் இருந்ததைப் பார்த்தேன்.

கோச் திரும்பினார். "எமெட், ஹெல்மெட்டைப் போடு."

எமெட் எழுந்தான். ஹெல்மெட்டை எடுக்கவில்லை. "நான் போகல கோச்."

"கோவத்தைக் காட்டற நேரமா இது?"

"கோவமில்ல. நாலு வருஷமா ஒவ்வொரு ஆட்டத்துக்கும் வாந்தி எடுத்துட்டுத்தான் உள்ள போனேன். எனக்கு முடியல."

கோச் என்னைப் பார்த்தார். "உனக்குத் தெரியுமா?"

"தெரியும் கோச்."

நடுவர் அவசரப்படுத்தினார். எமெட் தணிந்த குரலில் சொன்னான்: "கேலன் இடத்துல ஐசையாவை நிக்க வைங்க. எறியவே வேணாம், பந்தை வாங்கினதும் ஓடட்டும். அவங்க இடது பக்கத்து ஆளு முழங்காலைத் தாங்கித் தாங்கி நடக்கறான். அந்தப் பக்கமே போகலாம்."

கோச் அவனை நெருங்கி வந்தார். எமெட்டுக்கு ஒரு அறை விழும் என்றே நினைத்தேன். "சரி. நீயே சொல்லு" என்றார்.

அதன்பின் ஒவ்வொரு திட்டத்தையும் சொன்னவன் எமெட்தான். எங்களில் வேகமாக ஓடக்கூடிய ஐசையா பந்தை என்னிடமிருந்து வாங்கி, அந்த நொண்டும் ஆளின் பக்கமாகவே ஓடினான். ஒரு முறை பந்தோடு அவர்களுடைய கடைசிக் கோட்டைத் தாண்டி ஆறு புள்ளி எடுத்தோம். இன்னும் ஒரே ஒரு முயற்சிக்குத்தான் நேரம் இருந்தபோது மூன்று புள்ளி பின்தங்கி, அவர்கள் கோட்டுக்கு இரண்டு கஜம் வெளியே நின்றோம். பந்தை உதைத்துக் கம்பங்களுக்கு நடுவே போட்டால் மூன்று புள்ளி, ஆட்டம் சமன்; ஓடிக் கோட்டைத் தாண்டினால் வெற்றி.

"உதைச்சிடலாம்" என்றார் கோச்.

"நம்ம பசங்களுக்கு மூச்சே இல்ல. சமனாக்கி மறுபடி ஆட முடியாது. ஓடலாம்."

கோச் தலையசைத்தார். ஐசையா என் முதுகை ஒட்டி ஓடிவந்தான். நான் தள்ளவேண்டிய ஆளை நான் தள்ளவில்லை, அவன்தான் என்னைத் தள்ளினான். குவியலிலிருந்து எழுந்து பார்த்தபோது பந்து கோட்டுக்கு அரை முழம் வெளியே கிடந்தது.

தோற்றோம். உடை மாற்றும் அறையில் யாரும் யாரையும் குறை சொல்லவில்லை.

பேருந்தில் கோச் எப்போதும் முன் இருக்கையில் தனியாகத்தான் உட்காருவார். அன்று எமெட் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தான். நான் அடுத்த வரிசையில் முழங்காலில் பனிக்கட்டியை வைத்துக்கொண்டிருந்தேன்.

"உதைச்சிருக்கணும்" என்றார் கோச்.

"இல்லப்பா. நடுவுல விடாம வெளிப்பக்கமா, ஓரமா ஓடவிட்டிருக்கணும். நான்தான் தப்பாச் சொன்னேன்."

கோச் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தார். "வாந்தி எடுக்கறத என்கிட்ட சொல்லியிருக்கலாம்ல?"

"சொன்னா என்ன பண்ணியிருப்பீங்க?"

"உன்னை ஆடத்தான் விட்டிருப்பேன்" என்றார்.

எமெட் சிரித்துவிட்டான். பிறகு இருவரும் அந்த வெளிப்பக்க ஓட்டத்தைப் பற்றி ஊர் வரும்வரை சண்டை போட்டார்கள்.