ரெண்டு மிஷினுக்கு ரெண்டு கை

ஆம்பூர் ஷூ கம்பெனி ஒன்றில் தையல் மிஷின் ஒவ்வொன்றுக்கும் மேலே ஒரு கேமரா வைத்திருந்தார்கள். கை ஓடினால் பச்சை விளக்கு, நின்றால் சிவப்பு. ஒண்ணுக்குப் போனாலும் சிவப்புதான், என்ன அநியாயமோ! சத்துவாச்சாரிக்காரி கலையரசி டாக்குமெண்டரி எடுப்பவள். இதைப் படமெடுக்க வந்தாள். மேனேஜருக்குத் தன் கேமராக்கள்மேல் கொள்ளைப் பெருமை. உடனே உள்ளே விட்டார்.

அவர் போன் பேச நகர்ந்த நேரத்தில் கலையரசி அதைப் பார்த்தாள். மோகனா என்ற தையல்காரியின் ஒரு கை தன் மிஷினில், இன்னொரு கை பக்கத்து மிஷினில். ரெண்டும் வேஸ்ட் தோல் துண்டை ஊசிக்கடியில் சும்மா நகர்த்திக்கொண்டிருந்தன. ரெண்டிலும் பச்சை. அந்த மிஷின்காரி தமிழினி, ஏழு மாசக் கர்ப்பிணி, அட்டைப் பெட்டிகளுக்குப் பின்னால் காலை நீட்டிப் படுத்திருந்தாள். கலையரசி விடுவாளா? எடுத்துவிட்டாள்.

சாயங்காலம் கம்பெனி வேன் பக்கத்தில் மோகனா வந்து பிடித்துக்கொண்டாள்.

"இன்னாக்கா, எடுத்துட்டீங்களா? அவளுக்குக் கால் வீங்கிடுதுக்கா. இன்னும் ஒரு மாசம் ஓட்டிட்டா பிரசவ லீவு வந்துடும். அதுக்குள்ள வேலய விட்டா அதுவும் போய்டும். எங்க மூஞ்சி மட்டும் தெரியக் கூடாது."

"தெரியாது மோகனா. சத்தியமா."

சொன்னபடியே முகங்களை மறைத்தாள். மறைக்கவேண்டியது முகம்தான் என்று ரெண்டு பேருமே நம்பினார்கள்.

ரெண்டே வாரத்தில் காட்பாடியில் ஒரு காலேஜில் படத்தைப் போட்டார்கள். கைதட்டல் ஓயவில்லை. கலையரசிக்குக் கால் தரையில் இல்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஹேமந்த் என்ற ஒருவன் வந்தான்.

"அந்த ரெண்டு கை ஷாட் பிரமாதம் மேடம். அந்தக் கேமரா சாப்ட்வேர் நாங்க பண்ணதுதான். இப்படி ஒரு ஓட்டை இருக்கறது எங்களுக்கே தெரியல. ரொம்ப தேங்க்ஸ்."

கலையரசி அவனை ஓரமாகக் கூட்டிப்போனாள். "அத அப்படியே விட்டுடுங்க சார். அங்க மாசமா இருக்கற பொண்ணு ஒருத்தி இருக்கா."

"ஐயோ, தப்பைச் சரி பண்றதுதானே மேடம் எங்க வேலயே?" நல்ல பிள்ளை, சிரித்துக்கொண்டேதான் சொன்னான்.

கெஞ்சிப் பார்க்கலாம் என்று மறுநாளே மேனேஜருக்குப் போன் போட்டாள், எடுக்கவில்லை. அடுத்த வாரம் மோகனாவே கூப்பிட்டாள்.

"இப்ப அந்தக் கேமரா கைய மட்டும் பாக்கலக்கா. ஆள் ஒக்காந்திருக்கா இல்லையான்னும் பாக்குது. தமிழினி முடிஞ்சவரைக்கும் ஒக்காந்து பாத்தா. நேத்து மயங்கி வுழுந்துட்டா. வேலய விட்டுட்டாக்கா."

"நான் அந்தப் படத்த இனிமே எங்கயும் போடல மோகனா. அந்த ஷாட்ட அழிச்சிடறேன்."

"அழிச்சு இன்னா பண்றது?" என்றாள் மோகனா. "கேமரா கத்துக்கிச்சே."