முந்திக்கொண்ட குடுமி

சுமோ வீரன் குவனோஉமிக்கு முன்தலை வழுக்கை. "இன்னும் நாலு முடி கொட்டுச்சுன்னா குடுமி நிக்காது தம்பி. குடுமி இல்லேன்னா கோதாவுக்கு முழுக்குதான்," என்பார் முடி கட்டிவிடும் தோகோமினே, தினமும் எண்ணெய் தடவிக்கொண்டே.

அன்று ஓசாகா போட்டியில் அவனும் எதிராளியும் ஒரே நேரத்தில் சரிந்தார்கள். பாதம் தவிர எது முதலில் தரையில் பட்டாலும் தோல்வி என்பதால், கை ஊன்றாமல் இருவருமே முகம் குப்புற விழுந்தார்கள். யாருக்கு எது முதலில் தரையில் பட்டது? குவனோஉமிக்கே தெரியவில்லை. நடுவர்கள் மேடையேறிக் கூடிப் பேச, மூக்கில் மண்ணோடு காத்திருந்தான்.

எதிராளியின் அடர்ந்த குடுமிதான் முதலில் பட்டதாம்!

உள்ளே தோகோமினே சீப்போடு நின்றார். "ஜெயிச்சது நீயா, உன் வழுக்கையா?"

"வழுக்கைதாண்ணே. மிச்சமும் கொட்டறதுக்குள்ள கோப்பையைத் தூக்கிடணும், சீக்கிரம் கட்டுங்க."