நாற்பத்தேழு நிமிடத் தலைமை ஆசிரியை

“நாப்பத்தேழு நிமிஷந்தான் நான் இந்தப் பள்ளிக்கூடத்துக்கு எச்.எம். அந்த நாப்பத்தேழு நிமிஷமும் புதுச்சேரிக் கடல்ல ஒரு அல அடிக்கல, தெரியுமா?”

பதுருன்னிசா டீச்சர் இப்படிச் சொன்னதும், பெயர்ப்பலகைக்கு எழுத்து எழுதிக்கொண்டிருந்த நரைமீசை இளம்பரிதி சிரித்த சிரிப்பில் ஏணியே ஆடியது. தலைமை ஆசிரியை சந்திரகலா சிரிக்கவில்லை. ஆண்டு விழாவுக்குள் பலகை முடிய வேண்டும். இதுவரை இருந்த தலைமை ஆசிரியர்கள் அத்தனை பேரும், எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதி வரை என்று அதில் ஏறிக்கொண்டிருந்தார்கள். பொறுப்பில் மட்டும் இருந்த கலியபெருமாள் சார்கூட ஏறிவிட்டார். தன் பெயருக்குப் பக்கத்தில் ‘பொறுப்பு’ என்று போடாமல் விட முடியுமா என்று கேட்கத்தான் அவரும் காலையிலேயே வந்து, நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

அவருக்கும் டீச்சருக்கும் பத்தொன்பது வருஷ வழக்கு. ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். டீச்சர் முற்பகல், அவர் பிற்பகல். சீனியாரிட்டி பட்டியலில் யார் கை என்ன செய்ததோ, பிற்பகல் மேலே ஏறி முற்பகல் கீழே இறங்கிவிட்டது. வழக்குக்காக டீச்சர் சென்னைக்கு ஏறிய பஸ்களை வரிசையாக நிறுத்தினால் அரியாங்குப்பம் பாலத்தைத் தாண்டி நிற்கும் என்பது அவரே போட்ட கணக்கு. கடைசியில் ஜெயித்தார். பதவி உயர்வு உத்தரவு பள்ளிக்கு வந்து சேர்ந்தது அவர் ஓய்வு பெறும் நாளில், மூன்று பதின்மூன்றுக்கு. நாலு மணிக்குப் பள்ளி விட்டுவிட்டது. அலுவலகப் புத்தகத்தில் ஒரு நாளுக்கு முற்பகல், பிற்பகல் என்று இரண்டே துண்டுதான். பிற்பகலில் பொறுப்பேற்றார், அதே பிற்பகலில் ஓய்வு பெற்றார். கழித்துப் பார்த்தார்கள், மிச்சம் ஒன்றுமில்லை. அதுவரை பொறுப்பில் இருந்த கலியபெருமாள் சார் ஒப்படைத்த தாளும் எங்கேயோ போய்விட்டது.

“உங்கள நம்பாம இல்ல டீச்சர்,” என்றார் சந்திரகலா. “ஒப்படைச்சவரு ஆமான்னு ஒரு வார்த்த சொல்லட்டும். இப்பவே எழுதச் சொல்றேன்.”

“அப்படி எதுவும் நடக்கல மேடம்,” என்றார் கலியபெருமாள் சார், பலகையிலிருந்து கண்ணை எடுக்காமல். “உத்தரவு வந்தப்ப மணி அடிச்சாச்சு. டீச்சர் மாலையோட வீட்டுக்குப் போனாங்க. அவ்ளோதான்.”

டீச்சர் ஓய்வு பெற்று ஆறு வருஷமாக இதே பதில். இன்றைக்கு விட்டால் பெயின்ட் காய்ந்துவிடும், அப்புறம் தன் பெயரைச் செருக அங்கே இண்டு இடுக்கு இருக்காது என்று டீச்சருக்குத் தெரியும். விடுவதாகவும் இல்லை. பத்தொன்பது வருஷ வாய்தாவில் அவர் ஒன்றைக் கவனித்து வைத்திருந்தார். உண்மையைக் கேட்டால் இந்த மனிதர் கல்லு மாதிரி இருப்பார். தன்னைப் பற்றி இல்லாததைச் சொன்னால் மட்டும் தாங்க மாட்டார். டீச்சரின் வக்கீல் சாருக்கு வயதில் ஒன்றைக் கூட்டிச் சொன்னதற்கு, கோர்ட்டிலேயே எழுந்து நின்று பிறந்த தேதியைக் கத்தியவர். டீச்சர் முந்தானையைத் தலையில் இழுத்துப் போட்டுக்கொண்டு குஷியாக ஆரம்பித்தார்.

“கேளு தம்பி இளம்பரிதி. உத்தரவ நீட்டுனேன். சார் அழுதாரு பாரு! மேச நனைஞ்சி, ரெஜிஸ்டரு நனைஞ்சி, தண்ணி வராண்டாவுக்கு ஓடுச்சி.”

“ம்க்கும்,” என்றார் சார்.

“அப்புறம் எங்கால்ல விழுந்தாரு. எந்திரிங்க சார்னேன். எங்க எந்திரிக்கிறாரு? ரெண்டு பியூன் வந்து தூக்க வேண்டியதாப் போச்சு.”

சாருக்குக் காது சிவந்தது. “மேடம், இதையெல்லாம் நீங்க கேட்டுக்கிட்டு...”

“தூக்கி விட்டதும் செருப்பக்கூட மாட்டாம ஓட்டம்! பெரிய மார்க்கெட்டுக்குள்ள பூந்து ஓடுனாரு. மீன் விக்கிறவங்க அத்தன பேரும் எழுந்து வழி விட்டாங்க. அங்கேர்ந்து நேரா...”

“யாரும்மா ஓடுனது?” நாற்காலி பின்னால் சாய்ந்து விழ, சார் எழுந்துவிட்டார். “நான் அழல. யார் கால்லயும் விழல. எஞ்செருப்பு எங்கால்லதான் இருந்துச்சி!”

“அப்ப என்னதான் சார் பண்ணீங்க?” என்றார் சந்திரகலா.

ஏணியில் இளம்பரிதியின் தூரிகை நுனியில் ஒரு வெள்ளைச் சொட்டு திரண்டு, விழாமல் நின்றது. சார் டீச்சரைப் பார்த்தார். டீச்சர் சிரிக்கவில்லை. காலையிலிருந்து முதல் தடவையாக வாயை மூடிக்கொண்டு, இரண்டு கைகளாலும் பையை இறுக்கிப் பிடித்திருந்தார்.

“நாற்காலிய விட்டு எந்திரிச்சேன். இவங்க உக்காந்தாங்க. ‘ஏழாவது பி-ல ஆளில்ல, நீங்க போங்க சார்’னாங்க. அஞ்சு வருஷமா நான் எந்தக் கிளாசுக்குமே போனதில்ல மேடம்.” சாரின் குரல் இறங்கியது. “போனேன். சாக்பீஸ்கூட இவங்கதான் எடுத்துக் குடுத்தாங்க.”