சுவீடன் திரையில் ஒரு வெண்சேலை

அன்று தொலைக்காட்சி அறையில் இருந்தோர் மூவர்: குடும்பத்தின் மூத்தவரான சச்சிதானந்தன், அவர் மனைவி ஞானேஸ்வரி, ஒன்றுவிட்ட தம்பி விஜிதரன். வேறெவரும் இருந்ததாகச் சொன்னால் நம்பற்க. லிம்மத் ஆற்றின்மேல் மூடுபனி விரித்த பஞ்சுபோல் படர்ந்திருக்க, சுவிற்சர்லாந்தின் டீட்டிகோன் நகர விளக்குகள் ஒவ்வொன்றாய்க் கண்விழித்த இலையுதிர்கால மாலை அது.

சச்சிதானந்தனின் தங்கை யாதவி, சுவீடனில் ஆடை வடிவமைப்பவள். விருந்தொன்றின் உடைகளைப் பற்றிப் பேச ஒருமுறை அழைக்கப்பட்டவள், சொல்லின் நயத்தால் நாடகம், ஓவியம், நகரத்தாரின் நடையுடை யாவற்றையும் அந்நாட்டுத் தொலைக்காட்சியில் திறனாயும் பெருமை பெற்றாள். லார்ஸ் என்னும் அந்நாட்டவரை அவள் மணந்த நாள்முதல் தமையன் அவளோடு பேசியதில்லை. எனினும், அவள் தோன்றிய வியாழன் மாலைகளில் ஒன்றையேனும் தவறவிட்டதுமில்லை. சுவீடன் மொழி அறியாத அவ்வீட்டார் அவள் சேலையையும் முகத்தையும் பார்த்தே பொருள் கொண்டனர். மயில்நீலம் உடுத்தால் பாராட்டு; புருவம் நெரிந்தால் எவருக்கோ கண்டனம். அம்மாலைகளின் இனிமையை நினைந்து சச்சிதானந்தன் இன்றும் உருகுவார்.

அன்றோ அவள் வெண்சேலை உடுத்து, நெற்றியில் பொட்டின்றித் தோன்றினாள்.

"ஐயோ, பொட்டைக் காணேல்லை! அவளின்ர மனுசன் போயிட்டார் போல கிடக்கு," என்றாள் ஞானேஸ்வரி.

துக்க வீட்டில் அடுப்பு எரியலாகாதென்று கொதித்த கறியை அவள் அப்படியே நிறுத்த, விஜிதரன் ஆராவிலும் ரெனானிலும் இருந்த உறவினருக்குச் செய்தியைப் பரப்பினார்.

"அண்ணை, இனியும் வீம்பு பிடிக்காதேங்கோ. செத்த வீட்டுக்கும் கதைக்காட்டி சனம் எங்களைத்தான் காறித் துப்பும்."

"நீ எனக்குப் படிப்பிக்காதை!"

வாழ்ந்தபோது வாசற்படி மிதிக்கவிடாத மனிதருக்காக இப்போது என்ன சொல்லி அழுவது என்று அறியாத சச்சிதானந்தன், நிமிர்ந்த முதுகு வளையாமலே தங்கையின் எண்ணை அழுத்தினார்.

ஆண்குரல் ஒன்று, கற்றுப் பழகிய தமிழில், பேசியது. "வணக்கம் அத்தான். போனில உங்கட பேர் விழுந்தது. லார்ஸ் கதைக்கிறன். யாதவி போனை வீட்டில விட்டிட்டுப் போயிட்டா."

சச்சிதானந்தன் மெல்லக் கேட்டார்: "நீர்... சுகமா இருக்கிறீரோ?"

"ஓம். இண்டைக்கு அவ உங்கட ஆக்களின்ர துக்க உடுப்பைப் பற்றிக் கதைச்சவ. பார்த்தனீங்களோ?"

"பார்த்தனாங்கள்," என்றவர், "எல்லா வியாழனும் பார்க்கிறனாங்கள்," என்றார்.

கடந்த இளவேனிலில் யாதவி தொலைக்காட்சியிலிருந்து விடைபெற்றாள். கணவனை இழந்த துயரால் விலகினாள் என்று ரெனான் உறவினர் இன்னும் சொல்கிறார்கள். அது பொய். ஆடைத்தொழிலுக்கே திரும்ப விரும்பி விலகினாள். லார்ஸ் நலமாக இருக்கிறார். அவர் தம் மைத்துனர் என்று இப்போது சச்சிதானந்தனே சொல்கிறார்.