சொந்த ஊர்: லோமாரா

2021 ஒக்டோபரில் மேர்வின் லண்டனுக்கு வந்த நாளிலிருந்து, அவன் நின்ற இடத்தில் நாளுக்கு இரண்டு தடவை கடல் ஏறி இறங்கியது. ஏற்றத்தின் உயரம் பன்னிரண்டு சென்ரிமீற்றர். பதினான்கு என்பவர்களும் உண்டு, ஆனால் அவர்கள் அளந்தது புல் நீளமாக வளர்ந்திருந்த இடத்தில் என்று தோன்றுகிறது. லூயிஷாமில் அவனுடைய அறைக்குக் கீழ்வீட்டில் இருந்தவர்கள் முதல் வாரமே குழாய் உடைந்துவிட்டதென்று கவுன்சிலுக்கு அறிவித்தார்கள். பார்க்க வந்தவர் கூரையில் சொட்டிய நீரை விரலால் தொட்டு நாக்கில் வைத்துவிட்டு, உப்பாக இருப்பதால் இது குழாய்த் தண்ணீர் அல்ல, கவுன்சிலின் பொறுப்பும் அல்ல என்று எழுதிக் கொடுத்தார். அதன் பிறகு மேர்வின் தரைத்தளத்து அறை ஒன்றுக்கு மாறிக்கொண்டான்.

அவன் பிறந்த நாடு லோமாரா. ஒரே தீவு, தீவில் ஒரே ஊர், நாலாயிரத்துச் சொச்சம் பேர். அவனுடைய தகப்பனார் யாழ்ப்பாணத்து இலுப்பந்துறையிலிருந்து அங்கே கணிதம் படிப்பிக்கப் போய், அங்கேயே கலியாணம் செய்து, சாகும்வரை வீட்டில் தமிழ் பேசியவர். நாட்டில் இருந்த ஒரே திடலில் முதற்பாதி ஆட்டம் கடல் வற்றிய நேரத்திலும் இரண்டாம் பாதி ஏற்றத்திலும் நடக்கும். அதனால் அங்கத்தைய பிள்ளைகள் கணுக்கால் ஆழத் தண்ணீரில் பந்தை உருட்டாமல், முன்பாதத்தால் ஏந்தி ஏந்திக் கொண்டுபோகப் பழகியிருந்தார்கள். மேர்வின் தேசிய அணியின் இடதுபுறத்தில் நான்கு ஆட்டங்கள் ஆடினான். நான்கும் வெளிநாட்டில், காய்ந்த தரையில். நான்கிலும் தோல்வி. ஐந்தாவது ஆட்டத்துக்குத் திகதி குறிப்பதற்குள் திடலில் ஏறிய தண்ணீர் வடிய மறுத்தது, அணியைக் கலைத்தார்கள், மேர்வின் லண்டனிலிருந்த சித்தப்பாவைத் தேடி வந்தான்.

சித்தப்பா தில்லையம்பலம் பாரிசில் பதினாறு வருடம் இருந்துவிட்டு லண்டனுக்கு வந்தவர். குளியலறைகளுக்குத் தளஓடு பதிப்பது தொழில், இலுப்பந்துறை ஒன்றியத்தின் தலைவர் பதவி ஞாயிற்றுக்கிழமைகளுக்கு. கோடையில் ஊர்ச் சங்கங்களுக்கிடையே நடக்கும் உதைபந்தாட்டச் சுற்றுப்போட்டியில் ஒரு கழகத்துக்கு ஆடுகிறவனுடைய தாயோ தகப்பனோ அந்த ஊரில் பிறந்திருக்க வேண்டும் என்பது விதி. தில்லையம்பலம் பதிவுப் படிவத்தை நீட்டி, "சொந்த ஊர் எண்ட கட்டத்தில உன்ர ஊரைப் போடு, மகன்" என்றார். மேர்வின் யோசிக்காமல் லோமாரா என்று எழுதினான். ஒரே ஊராக இருக்கும் நாட்டில் பிறந்தவனுக்கு நாடும் ஊரும் இரண்டு சொற்கள் என்று ஒருவரும் சொல்லியிருக்கவில்லை. சித்தப்பா வாசித்துவிட்டுத் தோள் குலுங்கச் சிரித்தார். "ஊரைக் கேட்டா நாட்டை எழுதியிருக்கிறான் பார். கிடக்கட்டும், உதை ஆர் வாசிக்கப்போறாங்கள்?" என்று கீழே தன் கையெழுத்தைப் போட்டார்.

2022, 2023, 2024 மூன்று வருடமும் கிண்ணம் இலுப்பந்துறைக்கு வந்தது. தில்லையம்பலம் ஏற்ற நேரத்தைப் பார்த்து ஆட்ட நேரத்தைக் கேட்டு வாங்குவார். கோல்காப்பாளன் பிரியந்தன், "மேர்வின் அண்ணை, இண்டைக்கு மூண்டேகாலுக்குத் தண்ணி. அதுவரைக்கும் நான் ஒண்டும் விடமாட்டன், பிறகு உங்கட பாடு" என்பான். மூன்றேகாலுக்குப் புல்லுக்கடியிலிருந்து உப்புநீர் கிளம்பும், எதிரணி வழுக்கும், மேர்வின் தன் வீட்டு வாசலில் ஓடுவதுபோல ஓடுவான். மழையென்றாலும் ஆடத்தானே வேண்டும், தண்ணீர் கீழிருந்து வரக்கூடாதென்று எந்த விதியிலும் இல்லையே என்று நடுவர்கள் ஊதிக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு பரிசளிப்பிலும் தில்லையம்பலம் ஒலிவாங்கியைப் பிடித்து, "என்ர அண்ணன்ர மகன்" என்று மூன்று தடவையாவது சொன்னார். நான்கு தடவை என்றும் சொல்கிறார்கள்.

2025 ஜனவரியில் லோமாராவிலிருந்து கடிதம் வந்தது. பக்கத்துத் தீவு தன் திடலில் ஓர் ஆட்டத்துக்கு இணங்கியிருந்தது, ஜூன் பதினைந்து. பத்துப் பேர் இருந்தார்கள், பதினோராவது ஆள் மேர்வின். வெளிநாட்டில் ஆடுகிறவன், தான் ஆடும் கழகத்திடமிருந்து நன்னடத்தைக் கடிதமொன்றை மே முடிவதற்குள் அனுப்பவேண்டும், அவ்வளவுதான். மேர்வின் அந்தக் கடிதத்தை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு சித்தப்பாவிடம் போனான். "அதுக்கென்ன, எழுதித் தாறன்" என்றார் அவர். பிறகு கேட்ட ஒவ்வொரு ஞாயிறும், "வாற கிழமை" என்றார்.

மே மாதம், வால்தம்ஸ்டோவில் இயங்கிய இன்னோர் ஊர்ச் சங்கக் கழகத்தின் செயலாளர் வாமதேவன், மேர்வினும் அவனோடு வரும் தண்ணீரும் விதிக்குப் புறம்பு என்று முறைப்பாடு கொடுத்தார். மூன்று இறுதியாட்டங்களிலும் தோற்றது அவருடைய கழகம். விசாரணை வெஸ்ட் ஈலிங்கில் ஒரு மண்டபத்தில் நடந்தது. "மூண்டு வருசமா நாங்கள் பந்தடிக்க வந்தனாங்களோ, மீன் பிடிக்க வந்தனாங்களோ?" என்று வாமதேவன் கேட்க, குழுவினர் சிரித்துவிட்டுத் தீர்ப்பின் இரண்டு வழிகளையும் சொன்னார்கள். ஆளும் தண்ணீரும் கழகத்தினுடையவை என்றால் மூன்று கிண்ணங்களும் திரும்ப வேண்டும், கழகத்துக்கு இரண்டு வருடத் தடை. ஆள் ஏமாற்றிச் சேர்ந்தான் என்றால் கிண்ணங்கள் இருந்த இடத்தில் இருக்கும், தடை அவனுக்கு மட்டும், ஆயுளுக்கு.

தில்லையம்பலம் எழும்பினார். "எங்கட ஊர் ஆள் எண்டு சொல்லித்தான் வந்தவர். நாங்கள் நம்பினம். இந்தாங்கோ, அவரே தன்ர கையால எழுதியிருக்கிறார், லோமாராவாம். இலுப்பந்துறை எண்டு எங்கையாவது கிடக்கோ?"

இதுவரை "மகன்" என்று கூப்பிட்டவர் இப்போது "அவர்" என்று சொன்னதைத்தான் மேர்வின் முதலில் கவனித்தான்.

"சித்தப்பா, நீங்கள்தானே உன்ர ஊரைப் போடு எண்டு சொன்னனீங்கள்."

"உங்கட அப்பா ஆரெண்டே எனக்குத் தெரியாது. சித்தப்பா எண்டு கூப்பிட வேண்டாம்."

"அங்கிள், கீழ கிடக்கிற கையெழுத்து உங்கடதானே?" என்று பின்வரிசையிலிருந்து பிரியந்தன் கேட்டான்.

"நீ இருடா. உனக்கு உதுகள் விளங்காது."

பிரியந்தன் இருந்துவிட்டான். அப்போது மண்டபத்தில் தண்ணீர் ஏறத் தொடங்கியதால், குழுவினர் கோப்புகளை மேசைமேல் தூக்கி வைத்துவிட்டு, கையை உயர்த்தி வாக்களித்தார்கள். கூட்டக் குறிப்பில் இது ஒரு வரியாக இருக்கிறது: மாலை 5.40, நீர் காரணமாகச் சுருக்கமாக முடிக்கப்பட்டது. ஆயுள் தடை பெற்ற ஒருவனுக்கு நன்னடத்தைக் கடிதம் எழுத லண்டனில் வேறு எந்தக் கழகமும் முன்வரவில்லை. மே முடிந்தது.

ஜூன் பதினைந்து லோமாரா பத்துப் பேருடன் இறங்கியது. இடதுபுறத்தில் ஆள் இல்லாததால் பக்கத்துத் தீவும் அந்தப் பக்கம் காவலுக்கு ஒருவரையும் நிறுத்தவில்லை. எழுபத்தோராம் நிமிடத்தில் ஒரு பந்து அந்த வெற்றிடத்தின் வழியே தானாக உருண்டுபோய் வலைக்குள் விழுந்தது. ஒன்றுக்குப் பூச்சியம், நாட்டின் வரலாற்றில் ஒரே வெற்றி. மேர்வின் லூயிஷாம் திடலின் நடுவில் நின்று தொலைபேசியில் இதைக் கேட்டான். அவனுடைய நாட்டுக்காரர் நாலாயிரம் பேரும் ஒரே நேரத்தில் கத்தியதால் ஒலி கிழிந்தது. அவனும் வாயைத் திறந்தான், ஆனால் குரல் வந்ததா என்று தெரியவில்லை. அப்போது ஏறிய தண்ணீர் பிறகு இறங்கவில்லை. அவன் அறைக்குத் திரும்பிய பின்னும் அது திடலிலேயே நின்றது. அவனுடைய அறையிலோ, பேருந்திலோ, வேலைசெய்த களஞ்சியத்திலோ அதற்குப் பின் ஒரு துளியும் ஏறவில்லை.

கவுன்சில் செப்ரெம்பரில் ஒரு பலகை வைத்தது: ஆழம் 12 செ.மீ., நாய்களை அழைத்து வரலாம். பிள்ளைகள் முழங்கால்வரை உயர்ந்த மழைச் சப்பாத்துகளோடு வருகிறார்கள். மேர்வின் ஞாயிறு காலையில் தனியாகப் பந்தை ஏந்தி ஏந்தி இடதுபுறக் கோட்டோரமாகப் போய்வருகிறான். சில வாரங்களில் பிரியந்தன் கோலில் வந்து நிற்கிறான்.

தில்லையம்பலமும் வருகிறார். கோயிலுக்குப் போகும் உடுப்போடு நடுக்கோடுவரை தண்ணீருக்குள் நடந்து வந்து நிற்பார். ஒருமுறை, "மகன்" என்று கூப்பிட்டார். பந்து அவரைக் கடந்து போனது, மேர்வின் அதன் பின்னால் போனான். அரைமணி நேரம் நின்றுவிட்டு அவர் கரையேறும்போது சப்பாத்திலும் காலுறையிலும் ஈரம் இருப்பதில்லை. முதல் சில வாரங்கள் அவரே குனிந்து, தோலையும் தையலையும் விரலால் தடவிப் பார்த்தார். பிறகு விட்டுவிட்டார். மற்றவர்கள் கரையில் குந்தியிருந்து காலுறையைப் பிழிந்துகொண்டிருக்க, அவர் காய்ந்த சப்பாத்தோடு பேருந்துத் தரிப்பிடத்துக்கு நடந்து போகிறார்.