கிருமி இல்லாத சீழ்

கடைவாய்ப் பல் மூன்று நாளாகக் கிழவரின் உயிரை எடுத்துக்கொண்டிருந்தது. பல் டாக்டரிடம் அவர் போகவில்லை. ஒரு வியாதியோடு உள்ளே போனவன் மூன்று வியாதியோடு வெளியே வருவான் என்பது டாக்டர்களைப் பற்றி அவருடைய கருத்து. மனைவி மேசைமேல் வைத்திருக்கும் மாத்திரை டப்பாவைப் பார்க்கும்போதெல்லாம், "என்ன, சாப்பாட்டுக்கு முன்னாடி ஒரு சாப்பாடா?" என்று குத்துவார். அறுபத்தெட்டு வயதாகியும் ஒரு மாத்திரைகூடத் தொண்டையில் இறங்கியதில்லை என்று கண்டவர்களிடமெல்லாம் தம்பட்டம் அடிப்பார்.

ஆனால் கோழிக்கொட்டகையில், தீவன மூட்டைகளுக்குப் பின்னால், ஒரு வெள்ளை டப்பா இருந்தது. கோழிகளுக்குத் தண்ணீரில் கலந்து வைக்கும் மருந்துப் பொடி. அது அங்கே இருக்கக் கூடாத பொருள். கொட்டகை மருமகனுடையது, பார்த்துக்கொள்வது மட்டும் கிழவர். 'மருந்து கொடுக்காமல் வளர்த்த கோழி' என்று மருமகன் வாசலில் ஆள் உயரத்துக்குப் பலகை மாட்டியிருந்தான். அந்தப் பலகையைப் பார்த்துத்தான் ஜனங்கள் கார் போட்டுக்கொண்டு வந்து வாங்கிப் போனார்கள். கிழவருக்குப் பலகைமேல் நம்பிக்கை இல்லை. எண்ணூறு கோழிகளை ஒரே கூரைக்குக் கீழே அடைத்து, ஒன்றின் பீயில் இன்னொன்றை நிற்கவைத்துவிட்டு வாசலில் எழுதி மாட்டினால், வியாதி என்ன படித்துப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விடுமா? வாரம் ஒருமுறை, யாரும் இல்லாத நேரம் பார்த்து, தண்ணீர்த் தொட்டியில் இரண்டு கரண்டி போட்டுக் கலக்கிவிடுவார்.

மூன்றாம் நாள் காலை, வலி தாங்காமல், அதே பொடியில் அரைக் கரண்டியை டம்ளரில் கரைத்துக் குடித்தார். கோழிக்குக் கேட்கிறது, மனுஷனுக்குக் கேட்காதா?

மறுநாள் பல்வலி பாதியாகக் குறைந்தது. அக்குள் மட்டும் எரிந்தது. வியர்வை என்று விட்டுவிட்டார். அதற்கு அடுத்த நாள் சட்டையைக் கழற்றியபோதுதான் பார்த்தார். இரண்டு அக்குளும் வெந்நீர் கொட்டியது போலச் சிவந்து கிடந்தன. அந்தச் சிவப்பின்மேல் குண்டூசித் தலை அளவுக்கு வெள்ளை வெள்ளையாகச் சீழ்க் கொப்புளங்கள், நூற்றுக்கணக்கில். தொடையிடுக்கிலும் அப்படியே. துண்டை வைத்து ஒரு தேய் தேய்த்தார். நாலைந்து ஒன்றாகச் சேர்ந்து உடைந்து, மூக்குச்சளி போல வழவழவென்று துண்டில் ஒட்டிக்கொண்டன. துண்டை மூலையில் எறிந்தார்.

சத்தம் கேட்டு வந்த மனைவி கதவருகிலேயே நின்றுவிட்டாள்.

"ஐயோ, என்னங்க இது? தவளை முட்டை போட்ட மாதிரி இருக்கு!"

"கோழிகிட்ட இருந்து ஒட்டிக்கிட்டிருக்கும். போ, போய் வேலையப் பாரு."

கோழியிடமிருந்து வந்தது கோழி மருந்துக்குத்தான் கட்டுப்படும் என்று கணக்குப் போட்டார். அன்று முழுக் கரண்டி குடித்தார். பொழுது சாய்வதற்குள் காய்ச்சல் அனலாக அடித்தது. விடிந்தபோது கழுத்து, நெஞ்சு, முதுகு, முகம் எல்லாம் வெள்ளைப் புள்ளி. படுக்கை விரிப்பு முதுகோடு ஒட்டிக்கொண்டு, பிய்த்தபோது நாற்றமடிக்கும் ஈரத்தோடு வந்தது.

மருமகன் வந்தவன் வாசற்படியைத் தாண்டவில்லை. கைக்குட்டையை மூக்கில் அழுத்திக்கொண்டு பேசினான்.

"மாமா, தப்பா எடுத்துக்காதீங்க. வீட்ல சின்னக் குழந்தை இருக்கு. நீங்க பின் சீட்ல உக்காருங்க, நான் ஆஸ்பத்திரியில இறக்கிவிடுறேன்."

கிளம்புமுன் கிழவர் ஒரு காகிதத்தில் கொஞ்சம் பொடியை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டார். ஆஸ்பத்திரியை நம்பி யார் போவது?

தோல் டாக்டர் முப்பது வயதுப் பெண். உறை மாட்டிய விரலால் அவர் வயிற்றை அழுத்திப் பார்த்தாள். முகம் சுளிக்காமல் பார்த்தாள். அதுவே கிழவருக்குச் சந்தேகமாக இருந்தது. தனக்கே பார்க்கச் சகிக்காததை ஒருத்தி எப்படி இப்படிப் பார்ப்பாள்?

"பெரியவரே, இந்த ஒரு வாரத்துல புதுசா ஏதாவது மருந்து சாப்பிட்டீங்களா?"

அவர் வாயைத் திறக்குமுன் மனைவி முந்திக்கொண்டாள். "இவரா? மாத்திரையப் பாத்தாலே பேயப் பாத்த மாதிரி ஓடுவாரு."

கிழவர் கூரையைப் பார்த்தார். "ஒண்ணும் சாப்பிடல."

"இது கோழிகிட்ட இருந்து வந்ததா டாக்டர்?" என்றான் மருமகன்.

"இப்பவே சொல்ல முடியாது. சீழை எடுத்து சோதனைக்கு அனுப்புறேன். ரெண்டு நாள் இங்கயே இருக்கட்டும்."

அந்த இரண்டு நாளும் மனைவி துணி அலசப் போகும் நேரமாகப் பார்த்து, கிழவர் இடுப்பிலிருந்த பொட்டலத்தைப் பிரித்துத் தண்ணீரில் கலந்து குடித்தார். கொப்புளங்கள் ஒன்றோடொன்று சேர்ந்து ஏரிகளாயின. இமை வீங்கி ஒரு கண் மூடிக்கொண்டது. பக்கத்துக் கட்டில்காரர் சாப்பாட்டுத் தட்டோடு திரும்பிச் சுவரைப் பார்த்து உட்கார்ந்துகொண்டார். கிழவர் அவரைக் குறை சொல்லவில்லை. தன் கையைப் பார்த்தபின் அவருக்கே கஞ்சி இறங்கவில்லை.

மூன்றாம் நாள் காலை மருமகன் கட்டிலுக்கு ஆறடி தள்ளி நின்று சொன்னான். "மாமா, இனி காத்திருக்க முடியாது. மண் தோண்டுற மிஷின் வந்து நிக்குது. பத்து மணிக்குக் குழி வெட்டி மொத்தக் கோழியும் போட்டு மூடப் போறேன்."

"உயிரோடவா?"

"எண்ணூறையும் ஒண்ணொண்ணா பிடிச்சுக் கழுத்தத் திருகச் சொல்றீங்களா? யாரு கிட்டப் போவா?"

கிழவருக்குக் கோழிகள்மேல் பாசம் எதுவும் கிடையாது. நாற்றம் பிடித்த, புத்தி கெட்ட ஜென்மங்கள் என்றுதான் எப்போதும் திட்டுவார். இருந்தாலும் ஒரு சளி, ஒரு கழிச்சல் இல்லாமல் கொழுகொழுவென்று நிற்கிற எண்ணூறையும் மண்ணைத் தள்ளி மூடுவது, அதற்குள்ளிருந்து இறக்கை அடிப்பது... கிழவர் கட்டிலில் எழுந்து உட்கார்ந்தார்.

அப்போது டாக்டர் வந்தாள். கையில் ஒரு தாள்.

"சீழ்ல கிருமியே இல்ல. எந்தக் கிருமியும் வளரல."

"கிருமி இல்லாம எங்கயாவது சீழ் வருமா?" என்றார் கிழவர். "ஏமாந்தவன்னு பாத்துச் சொல்றீங்களா?"

"வரும். சில மருந்து சில பேருக்கு ஒத்துக்காம, உடம்பு தானே இப்படிச் சீழ் கட்டும். மருந்த நிறுத்தினா ரெண்டு வாரத்துல தோல் உரிஞ்சு சரியாயிடும். நிறுத்தலேன்னா உள்ள இருக்கிற உறுப்பெல்லாம் கெடும். உங்களுக்குக் குறையவே இல்ல. எது உள்ள போகுதுன்னுதான் எனக்குப் புரியல."

"அவர்தான் ஒண்ணுமே சாப்பிடலியே," என்றான் மருமகன். "அப்ப கோழிதான் காரணம். நான் மிஷின்காரங்கிட்டப் பேசிடுறேன்." போனைக் காதில் வைத்தான்.

மனைவி கட்டில் ஓரத்தில் நின்று, ஈரத் துணியால் அவர் காதுக்குப் பின்னால் வழிந்ததைத் துடைத்துக்கொண்டிருந்தாள். மூன்று நாளாக மூச்சைப் பிடித்துக்கொண்டு துடைக்கிறாள்.

கிழவர் இடுப்பில் கையை விட்டார். ஈரத்தில் நைந்துபோன பொட்டலத்தை எடுத்து விரிப்பின்மேல் எறிந்தார்.

"போனை வைங்க மாப்பிள்ளை. கோழிக்கு ஒண்ணும் இல்ல."

"என்ன இது?"

"கோழி மருந்து. தண்ணியில கலக்குறது. பல்லு வலிக்குதுன்னு குடிச்சேன்."

டாக்டர் பொட்டலத்தைப் பிரித்து மோந்து பார்த்தாள். "இங்க வந்த பிறகுமா?"

"இன்னிக்குக் காலையிலயும்."

மனைவி துணியை வாளியில் போட்டாள். "இருபது வருஷமா என் டப்பாவப் பாத்துப் பல்ல இளிச்சீங்களே. ரத்தக் கொதிப்புக்கு நான் மனுஷ மருந்து சாப்பிட்டேன். நீங்க தொட்டியில வாய வெச்சுக் குடிச்சிருக்கீங்க!"

"டம்ளர்லதான் குடிச்சேன்."

"பெரிய வித்தியாசம்!"

மருமகன் சிரிக்கவில்லை. "மாமா, இது நம்ம கொட்டகைக்குள்ள எப்படி வந்துச்சு?"

"நான்தான் வாங்கி வெச்சேன்."

"எத்தன நாளா கலக்குறீங்க?"

"நீங்க பலகை மாட்டுன நாள்ல இருந்து."

மருமகனின் முகம் வெளுத்தது. "எங்க வீட்டுக்கு வாரம் ஒரு கோழி அறுத்துக் குடுத்தீங்களே... என் புள்ளைக்கு அந்த ஈரலத்தான் பிசைஞ்சு ஊட்டுனோம்." கைக்குட்டையை மறுபடி வாயில் வைத்தான். இந்த முறை நாற்றத்துக்காக இல்லை. மிஷின்காரனை வேண்டாம் என்று சொல்லத்தான் வெளியே போனான், திரும்பி வரவில்லை. அன்றே பலகையைக் கழற்றிவிட்டதாக மகள் அம்மாவிடம் போனில் சொன்னாள். அப்பாவிடம் போனைக் கொடு என்று அவள் கேட்கவில்லை.

பொடி நின்ற நான்காம் நாள் சீழ் வற்றியது. அடுத்த வாரம் தோல் உரிய ஆரம்பித்தது. உள்ளங்கையிலிருந்தும் முழங்கையிலிருந்தும், வெந்நீரில் முக்கிய கோழியின் கால்தோல் போல, பட்டை பட்டையாகக் கழன்றது. மனைவி வீட்டுக்குள் உட்கார விடவில்லை. பெருக்கி முடியவில்லை என்றாள்.

கொட்டகை பக்கம் வரக் கூடாது என்று மருமகன் சொல்லி அனுப்பியிருந்தான். கிழவர் கம்பிவலைக்கு வெளியே நின்று பார்த்தார். எல்லாம் உயிரோடு, கொழுகொழுவென்று, தங்கள் பீயின்மேல் நின்றுகொண்டிருந்தன. மணிக்கட்டு அரித்தது. சொறிந்தார். கைக்குட்டை ஓரம் அளவுக்கு ஒரு பட்டை கழன்று, வலையின் கண் வழியாக உள்ளே விழுந்தது.

நாலு கோழிகள் பாய்ந்து வந்தன. ஒன்று கவ்வியது, இன்னொன்று பிடுங்கியது, மூன்றாவது விழுங்கியது.

"சீ! துப்பு! துப்புடி சனியனே!" வலையை உலுக்கினார். உலுக்கியதில் இன்னும் பொல பொலவென்று உதிர்ந்தது. கொட்டகையே கொக்கரித்துக்கொண்டு ஓடி வந்தது. விழுங்கியது கழுத்தைச் சாய்த்து, இன்னும் உண்டா என்று அவர் கையையே பார்த்தது.

கிழவர் சட்டைக் கையை இறக்கி, மணிக்கட்டுவரை பொத்தான் போட்டுக்கொண்டார். பிறகு ஓரமாகப் போய் வாந்தி எடுத்தார்.